அவர் வாசித்ததும் நான் வாசித்ததும்

வயலின் வாசிப்பவர்களைப் பற்றிய சினிமாவை என்னோடு உட்கார்ந்து பார்க்க எங்கள் வீட்டில் யாருக்கும் பிடிக்காது. கதை ஒரு பக்கம் ஓடிக்கொண்டிருக்கும். என் கண் கையிலேயே இருக்கும். திரையில் நாயகன் கண்ணை மூடி உருகிக்கொண்டிருப்பார். இடது கை விரல்கள் நான்கும் பசை போட்டு ஒட்டியது போல ஒரே இடத்தில் நிற்கும். காதில் மட்டும் ஸ்வரங்கள் கொட்டும். வில் ஒரு பக்கம் போகும், இசை இன்னொரு பக்கம் போகும். நான் 'ச்சு' கொட்டுவேன். பக்கத்தில் இருக்கும் என் கணவர், "நீயே தனியா பாரும்மா, நடுவுல நான் எதுக்கு?" என்று எழுந்து போய்விடுவார்.

அப்படியும் அந்தப் படங்களை நான் விட்டதில்லை. சாதகம், அதாவது தினப் பயிற்சி, செய்கிற காட்சி எப்படியும் ஒன்று வரும், அதற்காகப் பார்ப்பேன். பெரும்பாலும் அது ஒரு பாட்டுக்குள் முடிந்துவிடும். பல்லவியில் அரைக்கால் சட்டையோடு இருப்பவன் சரணம் முடிவதற்குள் மீசை வைத்த வித்வானாகிவிடுவான். நடுவில் மழை பெய்யும், வெயிலடிக்கும், விரலில் ரத்தம் கசியும். வயலின் வாசித்து விரலில் ரத்தம் வந்து நான் பார்த்ததில்லை. முதலில் சிவக்கும், எரியும், பிறகு தோல் தடித்துக் காய்த்துப்போகும். ஆனால் சாதகத்தில் இருக்கும் அலுப்பைத்தான் யாரும் காட்டுவதில்லை. ஒரே வரிசையை ஒரு வாரமாக வாசித்து, நேற்றைவிட இன்று மோசமாக வருகிற மத்தியானம் ஒன்று உண்டு. எழுந்து போய்த் துணி துவைக்கலாம் போலிருக்கும். அந்த மத்தியானத்தை எந்தப் படத்திலும் நான் பார்த்ததில்லை. அதைக் காட்டிய படம் ஒன்று பின்னால் வந்தது. அதில் எனக்கும் சிறு பங்கு இருந்தது.

நான் புவனகிரிப் பக்கத்து விவசாயக் குடும்பத்துப் பெண். சிதம்பரத்தில் இசை படித்தேன். கல்யாணமாகிக் கடலூருக்கு வந்து, கூத்தப்பாக்கத்தில் குடியிருந்துகொண்டு, ஒரு பள்ளியில் பாட்டு டீச்சராக இருக்கிறேன். கோயில் விசேஷங்களில் பாடுகிறவர்களுக்குப் பக்கவாத்தியம் வாசிப்பேன். பெரிய கச்சேரிக்காரி கிடையாது. என் கணவர் ரசாயனத் தொழிற்சாலையில் ஷிப்ட் வேலை பார்க்கிறார்.

சில வருஷங்களுக்கு முன் ஒரு கோடை விடுமுறைக்குக் கொஞ்சம் முன்னால், தெரிந்தவர் ஒருவர் மூலம் ஓர் இளம் இயக்குநர் போன் செய்தார். சின்ன பட்ஜெட்டில் ஒரு படம் எடுக்கிறாராம். சிதம்பரத்தில் தாலுகா ஆபீஸில் வேலை பார்க்கும் நடுவயதுப் பெண் ஒருத்தி வயலின் கற்றுக்கொள்கிறாள், வருஷக்கணக்காகப் போராடுகிறாள், கடைசியில் வாசிக்க வந்துவிடுகிறது. அவ்வளவுதான் கதை. அந்த வேடத்தில் நடிக்கிறவருக்கு வயலின் பிடிக்கச் சொல்லித் தரவேண்டும். படத்தில் கேட்கும் வயலினையும் நானே வாசிக்கவேண்டும்.

"பாக்க சரியா இருந்தா போதும் டீச்சர். மத்தத கேமரா பாத்துக்கும்," என்றார்.

நடிக்கப்போகிறவர் யார் என்று கேட்டேன். டிவி சீரியலில் நாத்தனாராக வந்து எல்லோரையும் அழவைத்துக்கொண்டிருந்தவர். குறிஞ்சிப்பாடிக்காரர் என்பது எங்கள் பக்கத்தில் எல்லோருக்கும் தெரியும். நாற்பதைத் தாண்டியவர், என்னைவிட ஐந்தாறு வயது பெரியவர். முதல் தடவையாக ஒரு படத்தில் முக்கிய வேடம். அவரை நான் அக்கா என்றுதான் கூப்பிட்டேன். இங்கேயும் அப்படியே சொல்கிறேன்.

சிதம்பரம் தெற்கு வீதிக்குப் பின்னால் ஒரு சந்தில் படக்குழு மாடி வீடு ஒன்றை வாடகைக்கு எடுத்திருந்தது. படத்திலும் கதாநாயகியின் வீடு அதுதான். முதல் நாள் நான் பஸ் பிடித்துப் போய்ச் சேர்ந்தபோது அக்கா தலைமுடியைக் கொண்டை போட்டுக்கொண்டு தரையில் சப்பணமிட்டு உட்கார்ந்திருந்தார். சீரியலில் பார்த்த பட்டுப்புடவையும் முறைப்பும் இல்லை. பழைய நைட்டி, அதன்மேல் ஒரு துண்டு.

"டீச்சர், முன்னாடியே சொல்லிடறேன். எனக்குப் பாட்டு வராது. ஸ்கூல்ல பிரேயர்ல கூட வாய மட்டும் அசைப்பேன்," என்றார்.

"பரவால்லக்கா. நீங்க வாசிக்க வேணாம். வாசிக்கிற மாதிரி இருந்தா போதும்."

அவர் முகம் சற்று மாறியது. "அது எப்படி வரும்? ஒரு படத்துல பரோட்டாக் கடைக்காரியா வந்தேன். ரெண்டே சீன். அதுக்கே ஒரு கடையில போயி நின்னு வீசக் கத்துக்கிட்டேன். கத்துக்காம வீசுனா கை மட்டும் வீசும், ஒடம்பு சும்மா நிக்கும். பாக்குறவங்களுக்குத் தெரிஞ்சிடும்."

படப்பிடிப்புகளில் செய்கிற ஒரு வேலை எனக்குத் தெரியும். வில்லின் மயிருக்கு ரோசின் தேய்க்காமல் விட்டுவிடுவார்கள். ரோசின் என்பது பிசின் கட்டி. அதைத் தேய்த்தால்தான் வில் தந்தியைப் பிடித்து ஒலியை எழுப்பும். தேய்க்காவிட்டால் வில் வழுக்கிக்கொண்டு ஓடும், சத்தமே வராது. நடிகர் எவ்வளவு தப்பாக இழுத்தாலும் யாருக்கும் கேட்காது. நான் அப்படித்தான் ஒரு வில்லைத் தயார் செய்து எடுத்துப் போயிருந்தேன். அக்கா அதை இழுத்துப் பார்த்தார். ஒன்றும் கேட்கவில்லை. திரும்ப இழுத்தார்.

"ஊமையா இருக்குதே?"

காரணத்தைச் சொன்னேன். வில்லை என்னிடம் நீட்டினார். "அந்தப் பிசினத் தேச்சிக் குடுங்க. சத்தம் வரலன்னா நான் எதப் பாத்துப் பயப்படறது?"

தேய்த்துக் கொடுத்தேன். முதல் இழுப்பில் வந்த சத்தத்துக்குக் கீழ் வீட்டில் குடியிருந்த வீட்டுக்கார அம்மா மாடிப்படியில் பாதி தூரம் ஏறி வந்து, "ஏம்மா, யாருக்காவது அடி கிடி பட்டுடுச்சா?" என்று கேட்டார். அக்கா சிரிப்பை அடக்கமுடியாமல் முந்தானைக்குப் பதில் துண்டால் வாயைப் பொத்திக்கொண்டார்.

விடுமுறை முழுவதும் தினமும் போனேன். காலையில் கடலூரிலிருந்து பஸ் ஏறினால் வெயில் ஏறுவதற்குள் சிதம்பரத்தில் இருப்பேன். சுருதிப்படி இரண்டு தந்திகளை மாறி மாறி நீளமாக இழுப்பதுதான் முதல் பாடம். பார்க்க ஒன்றுமில்லை; செய்தால்தான் தெரியும். வில் நடுங்கும், தோள் ஏறிக்கொள்ளும். வயலினின் தலைப்பக்கத்தைத் தாங்கும் வலது கணுக்கால் மரத்துப்போகும். என்னிடம் வரும் பிள்ளைகள் இரண்டாம் நாளே, "எப்ப மிஸ் சினிமாப் பாட்டு?" என்று கேட்பார்கள். அக்கா கேட்கவில்லை. நான் கிளம்பிய பிறகும் இழுத்துக்கொண்டிருப்பார். சாயங்காலம் வாட்ஸ்ஆப்பில் பதிவு செய்து அனுப்புவார். நான் கடலூரில் வெங்காயம் நறுக்கிக்கொண்டே கேட்பேன். என் கணவர், "மோட்டார்ல தண்ணி ஏறலியா?" என்பார்.

ஏழு ஸ்வரங்களையும் ஏற்றி இறக்கி வாசிக்கிற சரளி வரிசைக்கு வந்தோம். ஸ்வரம் பிசகுவது அவருக்கே தெரிய ஆரம்பித்தது. பாட்டு வராது என்று சொன்னவருக்கு ஸ்வரம் பிடிபடுகிற காது இருந்தது. அது நல்லதுமல்ல, கெட்டதுமல்ல. தப்பு தெரிய ஆரம்பிக்கும்போதுதான் வேதனையும் ஆரம்பிக்கிறது. அதற்கு முன்னால் சந்தோஷமாக இழுத்துக்கொண்டிருந்தவர் இப்போது ஒவ்வொரு ஸ்வரத்துக்கும் முகம் சுளித்தார்.

நான் வாசித்துக் காட்டும்போது அவர் என் விரலைப் பார்க்கவில்லை என்பதை ஒரு வாரம் கழித்துத்தான் கவனித்தேன். என் முகத்தைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"டீச்சர், மேல போறதுக்கு முன்னாடி தாடைய இறுக்குறீங்க. ஏன்?"

"அப்படியா? தெரியலியே."

"ஆமா. எறங்கும்போது வுட்டுடறீங்க. மேல போற எடம் இன்னமும் உங்களுக்குப் பயமா இருக்குதா?"

நான் யோசித்துப் பார்த்தேன். உண்மைதான். மேல் ஸ்தாயியில் விரல் சரியான இடத்தில் விழுமா என்ற பயம் படிக்கிற காலத்திலேயே வந்தது. அது போய்விட்டது என்று நினைத்திருந்தேன். போகவில்லை, தாடையில் போய் உட்கார்ந்திருந்தது. எனக்குச் சொல்லிக்கொடுத்த யாரும் இதைச் சொன்னதில்லை. அவர்கள் என் வாசிப்பைக் கேட்டார்கள். இவர் என்னைப் பார்த்தார். அன்றைக்குப் பஸ்ஸில் வரும்போது ஆலப்பாக்கம் தாண்டும்வரை தாடையைத் தடவிக்கொண்டே வந்தேன்.

படத்தின் கதைக்குச் சகானா ராகத்தில் ஒரு சின்ன ஆலாபனை தேவைப்பட்டது. அதில் காந்தாரத்தில் ஒரு கணம் நின்று, மத்தியமத்தைத் தொட்டுவிட்டு ரிஷபத்தில் வந்து இறங்கும் ஓர் இடம். கேட்க எளிமையாக இருக்கும். ஒருவர் ஏதோ சொல்லவந்து, தயங்கி, மெதுவாகச் சொல்லிவிடுவது போல. கதாநாயகி பல வருஷம் தேடி ஒரு நாள் கண்டுபிடிப்பது அந்த இடத்தைத்தான். நிஜத்தில் அக்காவுக்கும் அது வரவில்லை. ஒன்று, விரல் அதிகமாக இழுத்தது; அல்லது அவசரமாக விழுந்தது. நாட்கள் போயின. ஷூட்டிங் தேதி நெருங்கியது.

ஒரு மத்தியானம், கரண்ட் இல்லை, மாடி தகித்தது. அவர் அந்த இடத்தையே திரும்பத் திரும்ப வாசித்து, வில்லைக் கீழே வைத்துவிட்டார்.

"எனக்கு அழச் சொன்னா அழுவேன் டீச்சர். செத்த பொணத்துக்கு முன்னாடி சிரிக்கச் சொன்னாலும் சிரிப்பேன். இத்தினி வருஷத்துல கேமராவ ஏமாத்தாத நாளே இல்ல. இத ஏமாத்தவே முடியல. அப்பிடியே திருப்பிக் காட்டிக் குடுத்துடுது."

"போதும்க்கா. ஷாட்டுல நான் வாசிச்சதத்தான் போடப்போறாங்க. நீங்க விரல மட்டும் வச்சா போதும்."

அவர் எழுந்து போனார். முகத்தைக் கழுவிக்கொண்டு வந்தார். கீழ் வீட்டு அம்மா கொடுத்தனுப்பிய சம்பா சாதமும் கத்தரிக்காய் கொத்சுவும் இருந்தன. இரண்டு பேரும் தரையில் உட்கார்ந்து சாப்பிட்டோம். சாப்பிட்டுக் கை காய்ந்ததும் வயலினை எடுத்து மறுபடி சரளி வரிசையின் முதல் வரியிலிருந்து ஆரம்பித்தார். யாரும் சொல்லவில்லை. அவ்வளவு வயதில், அவ்வளவு பேர் தெரிந்த முகத்தை வைத்துக்கொண்டு, முதல் வரிக்குத் திரும்பிப் போகிற மனசு எனக்கு இருந்திருக்குமா தெரியாது. அந்த மத்தியானம்தான் அவர்மேல் எனக்கு மரியாதை வந்தது. அதுவரை இருந்தது பிரியம்.

படப்பிடிப்பு தொடங்கியது. இயக்குநர் கெட்டிக்காரர். சாதகக் காட்சிகளைப் பாட்டுப் போட்டு ஓட்டவில்லை. அக்கா உட்கார்ந்து வாசிப்பதை அப்படியே நீளமாக எடுத்தார். நடுவில் குக்கர் விசில் அடிக்கும், அவர் எழுந்துபோய் அடுப்பை அணைத்துவிட்டு வந்து விட்ட இடத்தைத் தேடுவார். அது மாதிரி.

கடைசிக் காட்சி கடலூர் பழைய டவுனில் ஒரு பழைய மண்டபத்தில். கொஞ்சம் பேர் முன்னால் கதாநாயகி வாசிக்கிறாள். ஸ்பீக்கரில் நான் ஏற்கெனவே வாசித்துப் பதிவு செய்தது ஓடும். அக்கா அதோடு சேர்ந்து வாசிக்கவேண்டும். நான் கேமராவுக்குக் கீழே உட்கார்ந்து, வில் மேலே, கீழே என்று கையால் காட்டிக்கொண்டிருந்தேன். முதல் டேக் நன்றாகப் போனது. ஒரே ஓர் இடத்தில், இறங்கவேண்டிய வில் ஏறிவிட்டது.

"ஓகே!" என்றார் இயக்குநர். லைட் ஆட்கள் ஒயரைச் சுருட்ட ஆரம்பித்தார்கள். ஜன்னலில் வெயில் மஞ்சளாகிக்கொண்டு வந்தது.

அக்கா எழுந்திருக்கவில்லை. "டீச்சர்?" என்றார்.

எல்லோரும் என்னைப் பார்த்தார்கள். எனக்குச் சங்கடமாக இருந்தது. "ஒரு எடத்துல மட்டும்... வில்லு மாறிடுச்சி," என்றேன்.

"யாருக்கும் தெரியாது டீச்சர், நான் எடிட்டுல பாத்துக்கறேன்," என்றார் இயக்குநர்.

"இல்ல சார். இன்னொண்ணு போவலாம். வெளிச்சம் இருக்குது," என்றார் அக்கா. ஒயரைத் திரும்பப் பிரித்தார்கள். இரண்டாவது டேக்கில் நான் கை காட்டவில்லை, காட்டத் தேவைப்படவில்லை.

இசைச் சேர்ப்பு வேலைக்குச் சென்னைக்குக் கூப்பிட்டார்கள். கச்சேரிக் காட்சிக்கு நான் வாசித்தது கச்சிதமாகப் பொருந்தியது. பிரச்சினை சாதகக் காட்சிகளில் வந்தது. படப்பிடிப்பு நடந்த இடத்தில் பதிவான சத்தத்துக்குப் பதிலாகச் சுத்தமான ஒலி வேண்டும் என்று, "புதுசா கத்துக்கறவங்க மாதிரி வாசிங்க டீச்சர்," என்றார் இயக்குநர்.

சுலபம் என்றுதான் நினைத்தேன். ஸ்வரத்தைக் கொஞ்சம் தள்ளி வைத்தேன். வில்லை நடுக்கினேன். ஸ்டுடியோக் கண்ணாடிக்கு அந்தப் பக்கம் இருந்தவர்கள் தலையாட்டவில்லை. வில்லைத் தளர்த்திப் பார்த்தேன். விரலில் துணி சுற்றிக்கொண்டு வாசித்தேன். போட்டுக் காட்டியபோது எனக்கே தெரிந்தது. என் தப்புகள் எல்லாம் தாளம் பிசகாமல் விழுந்தன. எங்கே தப்பு செய்யப்போகிறோம் என்று தெரிந்து, செய்துவிட்டு, நிம்மதியாகத் திரும்பி வந்துகொண்டிருந்தேன். இயக்குநர் சிரித்துவிட்டார். "ரொம்ப அழகா தப்பு பண்றீங்க டீச்சர்!"

கடைசியில் தெற்கு வீதி மாடியில் பதிவான சத்தத்தையே எடுத்தார்கள். ஃபேன் சத்தம், தெருவில் போன ஆட்டோ, எல்லாவற்றோடும் சேர்த்து அக்கா இழுத்த இழுப்பு. பிசிறும் கீச்சும் தடுமாற்றமுமாக அது அப்படியே உயிரோடு இருந்தது.

பிறகு ஒரே ஒரு இடம் பாக்கி. கதாநாயகிக்கு அந்தச் சகானா இடம் முதன்முதலாகக் கைக்கு வருகிற காட்சி. அந்தக் காட்சியை எடுத்த அன்று நான் பள்ளியில் இருந்தேன். அக்கா வாசித்ததைக் கேட்டிருக்கவில்லை. இயக்குநர் முதலில் நான் வாசித்ததைப் போட்டார். பிறகு மாடியில் பதிவானதைப் போட்டார்.

அக்காவுக்கு அது வந்திருந்தது. விரல் காந்தாரத்தில் போய் நின்றது. சற்று தாமதமாக, பழக்கமில்லாத அறையில் சுவரைத் தடவி ஸ்விட்சைத் தேடுகிற கை போல, நகர்ந்து மத்தியமத்தைத் தொட்டது. ரிஷபத்தில் இறங்கியது. பிறகு கொஞ்ச நேரம் ஒன்றுமில்லை. அவர் மூச்சு விடும் சத்தம் மட்டும்.

"எது வெக்கலாம்? நீங்களே சொல்லுங்க."

"அவுங்களோடதுதான்," என்றேன். யோசிக்கவே இல்லை. நான் வாசித்ததில் தப்பு எதுவும் இல்லை. ஆனால் எனக்கு அது எப்போதோ வந்துவிட்டது. அவருக்கு அன்றைக்குத்தான், அந்த நிமிஷத்தில்தான் வந்தது. வந்த நிமிஷத்தை என்னால் திரும்ப வாசிக்க முடியாது.

ஸ்டுடியோவுக்கு வெளியே வந்ததும் போன் செய்து சொன்னேன். "நெஜமாவா டீச்சர்? என்னோடதா?" என்றார். பிறகு, "எங்கண்ணன்கிட்ட சொல்லிட்டு வர்றேன், இருங்க," என்று போனை அணைக்காமல் கீழே வைத்துவிட்டு ஓடியது கேட்டது.

படம் கடலூரில் ஒரு தியேட்டரில் வந்தது, காலைக் காட்சி மட்டும். கூட்டம் ஜாஸ்தி இல்லை. நானும் கணவரும் போனோம். அக்கா குறிஞ்சிப்பாடியிலிருந்து அண்ணன் குடும்பத்தோடு வந்து இரண்டு வரிசைக்கு முன்னால் உட்கார்ந்திருந்தார். சாதகக் காட்சிகளின்போது பின்னால் யாரோ நெளிந்தார்கள், ஒருவர் எழுந்துபோனார். எனக்குக் கோபம் வரவில்லை. அலுப்பு என்றால் அப்படித்தான் இருக்கும். இருந்தவர்கள் மெல்ல அமைதியானார்கள். அந்தச் சகானா இடம் வந்தபோது அண்ணி அக்காவின் தோளில் கை போட்டது இருட்டில் தெரிந்தது.

கச்சேரிக் காட்சி தொடங்கியதும் என் கணவர் என் பக்கம் குனிந்தார். "இது நீ வாசிச்சது."

"எப்படித் தெரியும்?"

"அதுவரைக்கும் அவுங்க. இதுலேர்ந்து நீ. தெனம் காலையில கேக்கறேன், எனக்குத் தெரியாதா?" என்று சொல்லிவிட்டுத் திரையைப் பார்க்க ஆரம்பித்தார். எனக்கு அதற்குப் பிறகு கொஞ்ச நேரம் படம் தெரியவில்லை.

படம் வெளியில் பேசப்பட்டது. பத்திரிகைகளில் அக்காவைப் பாராட்டி எழுதினார்கள். அடுத்தடுத்து வேலை வந்தது. நான் கொடுத்திருந்த வயலினை, தந்திகளைத் துடைத்து, பெட்டியில் வைத்து அவரே கொண்டுவந்து கொடுத்தார். "வெச்சிக்கோங்கக்கா, வாசிங்க," என்றேன்.

"பொய் சொல்லமாட்டேன் டீச்சர். இனிமே எடுக்கமாட்டேன். சும்மா மூலையில கெடந்தா அதுக்கு மரியாதை இல்ல."

கொஞ்சம் வருத்தமாகத்தான் இருந்தது. அவ்வளவு பாடுபட்டு வந்ததை எப்படி விடமுடியும் என்று பல நாள் யோசித்தேன். போன தையில் அவரே கூப்பிட்டார். அடுத்த படத்தில் லாரி ஓட்டுகிற பெண்ணாக நடிக்கிறாராம், வந்து பாருங்கள் என்றார். குறிஞ்சிப்பாடிக்கு வெளியே, அறுப்பு முடிந்த வயல்களை ஒட்டிய ஒரு வெட்டவெளியில் பெரிய லாரி நின்றது. ஸ்டியரிங்குக்குப் பின்னால் அக்கா, தலையில் துண்டு. பக்கத்தில் சொல்லிக்கொடுக்கிற டிரைவர்.

"ரிவர்ஸ் மட்டும் வரமாட்டேங்குது டீச்சர்!" என்று மேலிருந்து கத்தினார். லாரி உறுமி, குலுங்கி, நின்றுபோனது. டிரைவர் ஏதோ சொன்னார். அக்கா கண்ணாடியையே பார்த்துக்கொண்டு கேட்டார். மறுபடி சாவியைத் திருப்பினார். மறுபடி நின்றது. நான் வரப்பில் ஒரு கல்லைத் துடைத்துவிட்டு வசதியாக உட்கார்ந்துகொண்டேன். அன்றைக்கு எனக்குப் பள்ளி விடுமுறை. வேறு வேலையும் இல்லை. லாரி மூன்றாவது முறையாக உறுமியது. பின்னால் நகர ஆரம்பித்தது, ரொம்ப மெதுவாக.